இந்திப் படப் பாட்டில் ஸ்விங் இசை



தமிழ்நாட்டை விட்டு வெளி மாநிலங்களில் குடியேறிய நம்மவர்க்கு ஓர் அநுபவம் பொதுவாக உண்டு. புதிய ஊரின் மொழி நாவில் படிய ஆண்டுகள் ஆகின்றன; ஆனால் அவ்வூரின் பாட்டு, வந்த மறு வாரமே காதில் குடியேறிவிடுகிறது. பம்பாயில் இறங்கிய எத்தனையோ தமிழ் இளைஞர்கள், வாடகை பேசவும் வழி கேட்கவும் இந்தி தெரியாமல் திண்டாடிய காலத்திலேயே, தேநீர்க் கடை வானொலியில் கேட்ட இந்திப் படப் பாட்டைச் சொல் பிசகாமல் முணுமுணுத்துக்கொண்டு மின்சார ரயிலில் ஏறியிருக்கிறார்கள். பொருள் தெரியாது, மெட்டு தெரியும். கால் தானாகத் தாளம் போடும்.

அந்தக் கால் போட்ட தாளத்தைப் பற்றித்தான் இன்று நாம் பேச எடுத்துக்கொண்டிருக்கிறோம். 1940-க்கும் 1960-க்கும் இடைப்பட்ட இருபது ஆண்டுகளில் பம்பாயில் உருவான இந்திப் படப் பாட்டுக்களில், துள்ளலும் குதூகலமும் உள்ளவை பலவற்றின் அடியில் ஓடுவது நம் நாட்டுத் தாளமன்று. அது அமெரிக்காவில் பிறந்த ஸ்விங் என்னும் ஜாஸ் இசை வகை. அது எப்படி இங்கு வந்தது, யார் கொண்டுவந்தார்கள், அவர்கள் பெயர்கள் ஏன் நமக்குத் தெரியாமல் போயின என்பவற்றைச் சற்று விரிவாகக் காண்போம்.

ஸ்விங் என்றால் என்ன? சொல்லுக்கு ஊசலாடுதல் என்று பொருள். இலக்கணம் கூறுவதைவிட வாயால் சொல்லிக் காட்டுவது எளிது. நம் சங்கீதத்தில் ஓர் அக்ஷரத்தை நான்காகப் பிரித்தால் 'தகதிமி'. மூன்றாகப் பிரித்தால் 'தகிட'. இந்தத் 'தகிட' என்பதை எடுத்துக்கொண்டு, நடுவிலுள்ள 'கி' என்னும் எழுத்தை வாய்க்குள் விழுங்கிவிடுங்கள். 'த...ட, த...ட, த...ட, த...ட' என்று வரும். முதற் பகுதி நீண்டும் பிற்பகுதி குறுகியும் நிற்கும் இந்த நொண்டி நடைதான் ஸ்விங்கின் உயிர். இதன் கீழே பெரிய பிடில் போன்ற டபிள் பாஸ் வாத்தியம் நான்கு அடிகளையும் சமமாக, ஒருவன் நிதானமாகத் தெருவில் நடந்து போவதுபோல் மீட்டிக்கொண்டே போகும். கைதட்டு விழுவது ஒன்றிலும் மூன்றிலுமன்று, இரண்டிலும் நான்கிலும். சமத்தில் தட்டிப் பழகிய நம் கைக்கு இது முதலில் தடுமாற்றத்தைத் தரும். பழகிவிட்டாலோ விடுவது கடினம்.

இந்த இசை அமெரிக்காவில் ஆப்பிரிக்க வமிசத்தவரான இசைவாணர்களிடம் பிறந்தது. பிளெட்சர் ஹெண்டர்சன், டியூக் எல்லிங்டன், கௌண்ட் பேசி முதலியோர் பன்னிரண்டு முதல் பதினாறு பேர் வரை கொண்ட பெருங்குழுக்களை நடத்தினர். டிரம்பெட் ஓர் அணி, டிராம்போன் ஓர் அணி, சாக்ஸபோன் ஓர் அணி. ஓரணி கேட்க மற்றோரணி விடை கூறும். இத்தனை பேர் ஒரே வேளையில் ஊதவேண்டுமானால், யார் எப்போது எந்தச் சுரம் ஊதுவது என்று முன்கூட்டியே ஒருவர் எழுதித்தர வேண்டும். அவரை அரேஞ்சர் என்பார்கள். இந்தச் சொல்லை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். நம் கதையின் நாயகர் அவரே. 1935 ஆகஸ்டில் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரின் பாலோமார் நடன அரங்கில் பென்னி குட்மன் குழு பெற்ற வெற்றிக்குப் பிறகு ஸ்விங் அமெரிக்கா முழுவதையும் ஆட்டிவைத்தது. குட்மனின் குழு வாசித்தவற்றுள் பல, ஹெண்டர்சன் எழுதிக் கொடுத்தவை. புகழ் ஒருவரிடமும் எழுத்து வேறொருவரிடமும் இருந்தது என்பது அங்கேயே தொடங்கிவிட்ட வழக்கம்.

பேசும் படம் இந்த இசையை உடனே பற்றிக்கொண்டது. ஹாலிவுட் படங்களில் நடன அரங்கக் காட்சி வைத்து, புகழ்பெற்ற குழுக்களை நேராகவே திரையில் வாசிக்கச் செய்தார்கள். 1941-ல் வந்த 'சன் வாலி செரினேட்' படத்தில் கிளென் மில்லரின் குழு முழுவதும் வருகிறது. கறுப்பினக் கலைஞர்கள் வரும் பகுதிகளைக் கதையோடு ஒட்டாமல் தனியே அமைப்பதும் அந்நாட்டு வழக்கமாயிருந்தது. தென் மாநிலக் கொட்டகைகளில் அப்பகுதியை வெட்டி எறிந்தாலும் கதை கெடக்கூடாதல்லவா? அதனால் அப்படி.

இனி பம்பாய்க்கு வருவோம்.

1935-ன் குளிர்காலத்தில், லியான் அபே என்னும் ஆப்பிரிக்க அமெரிக்கப் பிடில் வித்துவானின் குழு பம்பாய் தாஜ்மகால் ஹோட்டலில் வாசிக்க வந்தது. அடுத்துச் சில ஆண்டுகளில் டெடி வெதர்போர்டு என்னும் பியானோ மேதை வந்தார். சிகாகோவில் லூயி ஆர்ம்ஸ்டிராங்குடன் ஒரே குழுவில் வாசித்தவர் அவர். பிற்பாடு கல்கத்தா கிராண்டு ஹோட்டலில் குழு நடத்திய அவர், 1945-ல் அந்நகரிலேயே காலரா நோயால் காலமானார். இவர்களுடைய குழுக்களில் உட்கார்ந்தும், ஓரத்தில் நின்று கேட்டும், இசைத்தட்டுக்களைத் தேயத் தேயப் போட்டும் இந்த வித்தையைக் கற்றவர்கள் யார்? பெரும்பாலும் கோவாக்காரர்கள்.

கோவாவில் 1961 டிசம்பர் வரை போர்ச்சுகீசியர் ஆட்சி நடந்தது. அங்கே கிராமந்தோறும் கோவிலை ஒட்டிய பள்ளிகளில் சிறுவர்க்குச் சுரம் பாடவும், ஐந்து கோடுகளில் எழுதிய மேனாட்டுச் சுரலிபியைப் படிக்கவும், வயலின் வாசிக்கவும் கற்றுக்கொடுத்தார்கள். தேவாலயப் பூசைக்குப் பாட வேண்டும் என்பதே நோக்கம். ஆயினும் வயிற்றுப்பாட்டுக்கு வழி கோவாவில் இல்லை. ஆகவே வயலினைப் பெட்டியில் வைத்துக்கொண்டு பம்பாய்க்கும் கராச்சிக்கும் கல்கத்தாவுக்கும் மலைவாச நகரங்களுக்கும் புறப்பட்டார்கள். பம்பாயில் தோபி தலாவ் பகுதியில், ஒவ்வோர் ஊராரும் தங்களூர் ஆட்களுக்கென்று நடத்திய 'கூட்' என்னும் பொது விடுதியில், ஒரு பெட்டி வைக்க இடமும் ஒரு பாய் விரிக்க இடமும் கிடைக்கும். மாதுங்காவில் நம் இளைஞர்கள் மெஸ் சாப்பாட்டை நம்பி ஓரறையில் ஆறு பேராகக் குடியிருந்ததை நினைத்துக்கொண்டால் அந்த வாழ்க்கை நமக்கு விளங்கும். 1938-ல் அதே தோபி தலாவில் மெட்ரோ கொட்டகை திறக்கப்பட்டது. ஹாலிவுட் இசைப் படங்களைத் தேடி இவர்கள் நெடுந்தூரம் போக வேண்டியிருக்கவில்லை.

பகலில் பாய், இரவில் வெள்ளைக் கோட்டும் கழுத்தில் கறுப்பு வில் முடிச்சும். தாஜில் 1939 முதல் இருபது ஆண்டுகளுக்கு மேல் குழு நடத்தியவர் மிக்கி கொரியா. கோவாவின் அல்டோனா ஊரில் 1916-ல் பிறந்த அந்தோனியோ சேவியர் வாஸ் என்பவர் டிரம்பெட் வாத்தியத்தில் லூயி ஆர்ம்ஸ்டிராங்கையே குருவாக மானசீகமாக வரித்துக்கொண்டு, 'சிக் சாக்லெட்' என்று பெயர் சூட்டிக்கொண்டார். இந்தியாவின் ஆர்ம்ஸ்டிராங் என்றே அவரை அழைத்தார்கள். எல்லாரும் கோவாக்காரர்கள் என்று நாம் சொல்ல வரவில்லை. ரூடி காட்டன் என்ற பெயரில் சாக்ஸபோன் வாசித்தவர் காவஸ்ஜி கட்டாவ் என்னும் பார்சி. இருப்பினும் கூட்டம் கோவாவினுடையது.

யுத்த காலத்தில் அமெரிக்க, ஆங்கிலச் சிப்பாய்கள் நம் நகரங்களில் நிறைந்தபோது இவ்விசைக்கு நல்ல கிராக்கி இருந்தது. யுத்தம் முடிந்தது, சிப்பாய்கள் போனார்கள், 1947-ல் வெள்ளைக்கார அதிகாரிகளும் போனார்கள். பிரிவினையால் லாகூரிலிருந்த இசைவாணர்களும் பம்பாய் வந்து சேர்ந்தார்கள். பம்பாய் மாகாணத்து 1949-ம் ஆண்டு மதுவிலக்குச் சட்டம் இரவு விடுதிகளின் வருமானத்தைக் குறைத்தது. கையில் வாத்தியம் இருக்கிறது, ஊத இடமில்லை. அந்த வேளையில் ஊரின் மறுபக்கத்தில் சினிமா ஸ்டூடியோக்கள் மேலும் மேலும் பெரிய வாத்தியக் குழுக்களைத் தேடிக்கொண்டிருந்தன. இரண்டும் சேர்ந்தது இயல்பே.

சேர்த்துவைத்தவர்களுள் முதலில் சொல்லத்தக்கவர் சி. ராம்சந்திரா. இவர் பெயரைக் கேட்டதும் தமிழர் நாம் சற்று நிமிர்ந்து உட்காரலாம். இவர் இசையமைப்பாளராகத் தொடங்கியது தமிழ்ப் படத்தில்! 'ஜயக்கொடி', அதன்பின் 1941-ல் 'வனமோகினி' ஆகிய தமிழ்ப் படங்களுக்கு இசையமைத்த பிறகே இவருக்கு இந்திப் பட வாய்ப்பு வந்தது. எம்.கே. ராதாவும் தவமணி தேவியும் நடித்த அந்த வனமோகினியை இயக்கியவர் பகவான் என்னும் மராத்திக்காரர். தமிழ் தெரியாத இருவர் தமிழ்ப் படம் எடுத்துப் பழகிய கை, பத்தாண்டுகள் கழித்துப் பம்பாயில் என்ன செய்தது என்பதைச் சற்றே பின்னர்க் காண்போம்.

ராம்சந்திரா இந்துஸ்தானி சங்கீதம் பயின்றவர். பென்னி குட்மனின் இசையில் மனம் தோய்ந்தவர். 1947-ல் வெளிவந்த 'ஷெனாய்' படத்தில், காதலியை ஞாயிற்றுக்கிழமைதோறும் விருந்துக்கு அழைக்கும் ஒரு வேடிக்கைப் பாட்டை அமைத்தார். ஷெனாய் என்பது நம் நாகசுரத்துக்கு வடநாட்டுத் தம்பி, மங்கல வாத்தியம். அந்தப் பெயரைத் தாங்கிய படத்தை ஜனங்கள் நினைவில் வைத்திருப்பதோ மேனாட்டு மெட்டில் அமைந்த ஒரு கேலிப் பாட்டுக்காக! பண்டிதர்கள் முகம் சுளித்தார்கள். ஜனங்களோ பாடிக்கொண்டே போனார்கள். 1949-ல் 'பதங்கா', 1950-ல் 'சமாதி', 'சர்கம்' என்று இந்தப் போக்கு வளர்ந்தது.

1951-ல் 'அல்பேலா' வந்தது. எடுத்து இயக்கி நடித்தவர் மேற்சொன்ன அதே பகவான். கதாநாயகி கீதா பாலி. நாடக மேடை மீது ஆசை கொண்ட ஏழை இளைஞன் வீட்டை விட்டு வெளியேறி நடிகனாகும் கதை. கதையில் புதுமை அதிகமில்லை என்பதே நம் கருத்து. படத்தைத் தாங்கி நிற்பவை பாட்டுக்கள். கதாநாயகனுக்கு ராம்சந்திராவே சிதல்கர் என்ற தம் குடும்பப் பெயரில் பாடினார். உடன் பாடியவர் லதா மங்கேஷ்கர். ராம்சந்திராவின் பக்கத்தில் நின்றவர் சிக் சாக்லெட். படத்தின் ஒரு நடனக் காட்சியில் அவரும் அவர் குழுவினரும் கியூபா நாட்டு மோஸ்தரில் கை முழுவதும் சுருக்கு வைத்த சட்டை அணிந்து திரையிலேயே தோன்றுகிறார்கள். பாட்டின் பின்னால் ஊதியவர்களை நேரில் காணக் கிடைக்கும் அபூர்வமான சந்தர்ப்பம் அது. அல்பேலாவின் இசை முழுவதும் ஸ்விங் என்று சொல்வது பிழையாகும். கியூபா, பிரேசில் நாட்டுத் தாளங்களும் அதில் கலந்திருக்கின்றன. பொங்கோ முதலிய சிறு பறைகளை இந்திப் படத்தில் பரப்பியவர்களுள் காவஸ் லார்ட் என்னும் பார்சித் தாளக்காரர் முக்கியமானவர். ஆனால் டிரம்பெட்டும் கிளாரினெட்டும் சாக்ஸபோனும் ஒன்றையொன்று கேட்டும் மறுத்தும் போகும் பாணி நடன அரங்கிலிருந்து வந்த ஸ்விங் பாணியே.

இந்தப் படம் 1953-ல் 'நல்ல பிள்ளை' என்ற பெயரில் தமிழும் பேசிற்று. ராம்சந்திராவும் தமிழை அத்துடன் விடவில்லை. 1958-ல் ஜெமினியின் 'வஞ்சிக்கோட்டை வாலிபன்' படத்துக்கு இசை தந்தவர் அவரே. 1955-ல் வந்த இந்தி 'ஆசாத்', கோயமுத்தூர் பட்சிராஜா ஸ்டூடியோவார் தங்கள் 'மலைக்கள்ள'னை இந்தியில் எடுத்தது. அதற்கும் இசை அவருடையது. இவை ஸ்விங் படங்களல்ல. ஆகையால் இத்துடன் நிறுத்திக்கொள்வோம்.

இனி, பாட்டு எவ்வாறு உருவாயிற்று என்பதைக் காண்போம். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தின் முன் உட்கார்ந்து மெட்டைப் பாடுவார். அவர்களில் பலர்க்கு மேனாட்டுச் சுரலிபி பழக்கமில்லை. அது ஒரு குறையுமன்று. நம் சங்கீதத்தில் மெட்டு ஒன்றுதான், சுருதி ஒன்றுதான், ஒரே கோடாக ஓடும் ஆறு அது. ஆனால் இருபது முப்பது வாத்தியங்களை வைத்துக்கொண்டு எல்லாரும் அதே மெட்டை வாசித்தால் பஜனை மடம் போலாகிவிடும். மெட்டுக்குக் கீழே துணைச் சுரங்கள் அடுக்க வேண்டும். பாடகர் மூச்சு வாங்கும் இடைவெளியில் டிரம்பெட் ஒரு சிறு விடை சொல்ல வேண்டும். பல்லவிக்கும் சரணத்துக்கும் நடுவில் பத்து விநாடி இசை புதிதாகப் பிறக்க வேண்டும். கோவாக்கார அரேஞ்சர் எதிரில் உட்கார்ந்து, அவர் பாடப் பாட ஐந்து கோட்டில் எழுதிக்கொள்வார். பின்னர் ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனித் தாள் எழுதப்படும். சிதார், சாரங்கி, தபேலா வாசிப்போருக்கு ச-ரி-க-ம எழுத்தில் வேறு தாள். ஒரே கூடத்தில் இரண்டு எழுத்து, இரண்டு மரபு, இரண்டு கோவில்; நடுவில் ஒரு மைக்.

அக்காலத்தில் இன்றுபோல் ஒவ்வொருவர் வாசிப்பையும் தனித்தனியே பதித்துப் பின்னர்ச் சேர்க்கும் வசதி கிடையாது. பாடகரும் குழுவினரும் ஒரே வேளையில் பாடி வாசிக்க வேண்டும். மூன்றேகால் நிமிஷப் பாட்டில் மூன்றாவது நிமிஷத்தில் ஒரு கிளாரினெட் பிசகினால், எல்லாரும் முதலிலிருந்து! டிரம்பெட் ஓசை மற்ற வாத்தியங்களை மூழ்கடித்துவிடும் என்பதால் அவ்வாத்தியக்காரரை மைக்கிலிருந்து தூரத்தில் நிறுத்துவார்கள். படத்தில் முன்னே கேட்க வேண்டியவர் கூடத்தில் பின்னே நிற்பார். தாளைப் பார்த்த மாத்திரத்தில் பிழையின்றி வாசிக்கக் கூடியவர்க்கு அங்கே எவ்வளவு மதிப்பு இருந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. கோவில் பள்ளியில் பிரம்படி வாங்கிக் கற்ற சுரலிபி இங்கே சோறு போட்டது.

லாகூரில் ஹோட்டல் குழு நடத்தி, பிரிவினைக்குப் பின் பம்பாய் வந்த செபாஸ்டியன் டி சூசா, 1952 முதல் 1975 வரை சங்கர்-ஜெய்கிஷன் இரட்டையரின் அரேஞ்சராக இருந்தார். ராஜ்கபூர் படங்களில் வயலின்கள் அலை அலையாக எழுந்து பாட்டுக்கு வழிவிட்டு விலகும் இடங்களைக் கேட்டிருப்பீர்கள். அவர் கைவண்ணம் அவற்றில் உண்டு. பிராங்க் பெர்னாண்ட் என்னும் டிரம்பெட் வித்துவானும் இப்படியே ஜாஸிலிருந்து சினிமாவுக்கு வந்தவர். ஜாஸ் இசைக்குள் நம் நாட்டு மணம் வரவேண்டும் என்று நினைத்தவர். ஓ.பி. நய்யர் இசையமைத்த 1954-ம் ஆண்டு 'ஆர் பார்', 1956-ம் ஆண்டு 'சி.ஐ.டி.' ஆகியவற்றில் ஸ்விங் நடை பஞ்சாபி நாட்டுப்பாட்டோடு கைகோத்துக்கொண்டது. குதிரைக் குளம்பு ஓசை போல் நய்யரிடம் கேட்கும் அந்தத் தாளத்தை எது அமெரிக்கா, எது அமிர்தசரஸ் என்று பிரிக்க முயல்வது வீண் வேலை.

ஒரு குறையையும் சொல்லத்தான் வேண்டும். திரையில் இந்த இசைக்குக் கொடுத்த இடம் பெரும்பாலும் நல்ல இடமாக இல்லை. கதாநாயகி துளசி மாடத்தைச் சுற்றும்போது சிதாரும் புல்லாங்குழலும். கள்ளக் கடத்தல்காரன் விடுதிக்குள் நுழைந்தால் உடனே சாக்ஸபோன். சிகரெட்டுப் புகைக்கும் பெண்ணின் கூடவே ஊமையடைப்பு வைத்த டிரம்பெட் குழைந்துகொண்டு வரும். அவள் பெயர் லில்லி அல்லது ரோஸி. அதாவது கிறிஸ்தவப் பெயர். பாட்டு எழுதித்தந்தவர் காலையில் பூசை கண்டுவிட்டு ஸ்டூடியோவுக்கு வந்த சமுசாரி. திரையிலோ அவர் இனத்தவர் யாவரும் குடிகாரரும் கூத்துக்காரியும். தங்கள் இசையாலேயே தங்கள் சமூகத்துக்கு அவப்பெயர் எழுதப்படுவதை அவர்கள் பார்த்துக்கொண்டிருக்க நேர்ந்தது. அல்பேலா இதற்கு விலக்கு. அங்கே ஸ்விங் யாரையும் கெடுப்பதற்கு வரவில்லை. ஏழைப் பையன் ஒருவன் மகிழ்ச்சியாக இருக்கிறான் என்று சொல்வதற்கு வந்தது. அந்தப் படத்தின் பாட்டுக்களை நாம் மற்றவற்றுக்கு மேலாக மதிப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

இனிப் பெயர்களின் செய்தி. இசைத்தட்டில் யார் பெயர் அச்சாக வேண்டும் என்பதே அக்காலத்தில் ஒரு வழக்காக இருந்தது. 1949-ல் 'மகால்' படத்தின் புகழ்பெற்ற பாட்டுத் தட்டில் முதலில் லதா மங்கேஷ்கர் பெயர்கூட இல்லை. கதையில் வரும் 'காமினி' என்ற பாத்திரத்தின் பெயரே இருந்தது. பாடகிக்கே அந்தக் கதியென்றால், கூடத்தின் கோடியில் நின்று ஊதியவர் நிலை என்ன?

வானொலியின் பங்கையும் வானொலியிலிருந்து பேசும் நாம் மறைக்கக் கூடாது. 1952-ல் டாக்டர் பி.வி. கேஸ்கர் தகவல், ஒலிபரப்பு மந்திரியாக வந்தார்; பத்தாண்டுகள் இருந்தார். சினிமாப் பாட்டு, அதிலும் மேனாட்டு மெட்டுச் சினிமாப் பாட்டு, ஜனங்களின் ரசனையைக் கெடுக்கிறது என்பது அவர் முடிவு. சாஸ்திரீய சங்கீதத்துக்கு அவர் காலத்தில் வானொலி செய்த தொண்டு மிகப் பெரியது. அதனால் வாழ்ந்த வித்துவான்கள் பலர். ஆனால் சினிமாப் பாட்டு சுருங்கிற்று. படத்தின் பெயரைச் சொன்னால் விளம்பரமாகிவிடும் என்று, பாடியவர் பெயரை மட்டும் சொன்னார்கள். நேயர்கள் என்ன செய்தார்கள்? வானொலிப் பெட்டியின் முள்ளைத் திருப்பி இலங்கை வானொலியைப் பிடித்தார்கள். 1952 முடிவில் அங்கே தொடங்கிய பினாகா கீத் மாலாவும், அமீன் சயானியின் குரலும் இந்தியா முழுவதையும் ஆண்டன. பம்பாயில் எழுதி, பம்பாயில் ஊதி, பம்பாயில் பதித்த பாட்டு கொழும்புக்குப் போய்க் கடல் தாண்டிப் பம்பாய்க்குத் திரும்பி வந்தது! 1957 அக்டோபர் 3-ந் தேதி விவித பாரதி தொடங்கியது. பின்னர் இசையமைப்பாளர் பெயரும் பாடலாசிரியர் பெயரும் ஒலிபரப்பில் உரிய இடம் பெற்றன. அரேஞ்சர் பெயர் அப்போதும் வரவில்லை.

சிக் சாக்லெட்டுக்கு 1951-ல் 'நாதான்', 1952-ல் 'ரங்கீலி', 1956-ல் 'கர் பலா' ஆகிய படங்களில் இசையமைப்பாளர் என்ற பெயர் கிடைத்தது. அவ்வளவுதான். 1967-ல், ஐம்பதைத் தாண்டியவுடன் காலமானார். பகவான் சம்பாதித்ததை எல்லாம் பின்னர் இழந்து, தாதர் பகுதியில் தொழிலாளர் குடியிருப்பில் வாழ்ந்து 2002-ல் மறைந்தார்.

அறுபதுகளுக்குப் பின் கிட்டார் முன்வந்தது, ஸ்விங் பின்வாங்கிற்று. 1968-ல் சங்கர்-ஜெய்கிஷன் இராகங்களை ஜாஸ் பாணியில் அமைத்து ஓர் இசைத்தட்டு வெளியிட்டார்கள். ரயீஸ்கான் சிதார் வாசித்த அத்தட்டில், அதுவரை பாட்டின் பின்னால் நின்ற வாத்தியக்காரர்கள் பாட்டே இல்லாமல் முன்வந்து வாசித்தார்கள். இக்காலத்தில் 2015-ல் வெளிவந்த 'பாம்பே வெல்வெட்' படம் அந்தப் பழைய பம்பாயின் ஜாஸ் விடுதிகளைத் திரையில் மீண்டும் கட்டிப் பார்த்தது. அமித் திரிவேதியின் இசை நன்றாகவே இருந்தது, படம் ஓடவில்லை. அதைவிடச் சிறிய செலவில் எடுத்த 'நாச்சும்யா கும்பாசார்' என்னும் கொங்கணிப் படம் நம் மனத்துக்கு நெருங்கியது. கிறிஸ் பெர்ரி என்னும் கோவா இசையமைப்பாளரின் பாட்டுக்களைக் கோத்து எடுத்த அதில், பின்னால் நின்ற வாத்தியக்காரரே கதாநாயகர். 2014-ம் ஆண்டுக்குரிய சிறந்த கொங்கணிப் படம் என்ற தேசிய விருது அதற்குக் கிடைத்தது.

முடிக்குமுன் ஒருவரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். கோவாவில் மஜோர்டா என்னும் ஊரில் 1927-ல் பிறந்தவர் அந்தோனி கொன்சால்வெஸ். வயலின் வித்துவான், அரேஞ்சர். சினிமாவில் சம்பாதித்ததோடு நில்லாமல், இந்திய இராகங்களை மேனாட்டுப் பெருங்குழுவுக்கு எழுத வேண்டும் என்ற வேகம் கொண்டவர். 1958-ல் பம்பாய் செயின்ட் சேவியர் கல்லூரி முற்றத்தில் நூற்றுக்கு மேற்பட்ட வாத்தியக்காரர்களைக் கூட்டி, லதா மங்கேஷ்கரையும் மன்னா டேயையும் பாடவைத்து, தாம் எழுதியதை அரங்கேற்றினார். அந்த முயற்சி நீடிக்கவில்லை. 1965-ல் அமெரிக்கா சென்றார். பின்னர்த் திரும்பிவந்து தம் கிராமத்தில் அமைதியாக வாழ்ந்தார். 2012 ஜனவரியில் காலமானார்.

அவரிடம் வயலின் பயின்ற மாணவர்களுள் ஒருவர் பியாரேலால். இலட்சுமிகாந்த்-பியாரேலால் இரட்டையர் 1977-ல் 'அமர் அக்பர் அந்தோனி' படத்துக்கு இசையமைத்தபோது, அமிதாப் பச்சன் ஈஸ்டர் விருந்தில் ஒரு பெரிய முட்டைக்குள்ளிருந்து வெளிப்பட்டுப் பாடும் பாட்டில், கதாநாயகனுக்கு அந்த ஆசிரியரின் முழுப் பெயரையே சூட்டினார்கள். தில்லியிலும் கல்கத்தாவிலும் பெங்களூரிலும் கலியாண வீடுகளில் அந்தப் பாட்டை நீங்கள் கேட்டிருப்பீர்கள். நம் குழந்தைகள்கூட ஆடியிருப்பார்கள். அந்தப் பெயருக்கு உரியவர் அந்நாளில் உயிரோடிருந்தார். வயலின் வாசிக்கத் தெரிந்தவர் என்பது ஆடியவர்களில் பெரும்பாலோர்க்குத் தெரியாது.

அல்பேலா எங்கேனும் காணக் கிடைத்தால், அந்த நடனக் காட்சியில் கீதா பாலியை ஒரு முறை பார்த்த பிறகு, மறுமுறை சுருக்குச் சட்டைக்காரர்களைப் பாருங்கள். டிரம்பெட்டோடு நிற்பவர்தான் அல்டோனா ஊர் வாஸ்.